அம்மாவின் நைட் டூட்டி

நான் ஐந்தாம் வகுப்புப் படித்த காலத்தில் எங்கள் அம்மாவின் வெள்ளைச் சேலையில் எப்போதும் டெட்டால் வாசம் அடிக்கும். முகத்தை நன்றாகப் புதைத்துக்கொண்டால் அதற்கு அடியில் தேங்காய் எண்ணெயும் ரோஸ் பவுடரும் கலந்த இன்னொரு வாசமும் தெரியும். முதல் வாசம் ஊருக்கு, இரண்டாவது எங்களுக்கு. வாரத்தில் மூன்று நான்கு நாள், பொழுது சாய்வதற்கு முன்னால் அம்மா அந்தச் சேலையைக் கட்டிக்கொண்டு, முந்தானையில் டெட்டாலை நாலு சொட்டு விட்டுக்கொண்டு, ரெக்ஸின் பையைத் தோளில் மாட்டி, "நைட் டூட்டிக்குப் போயிட்டு வாரேன்" என்று காம்பவுண்டு முழுக்கக் கேட்கும்படி சொல்லிவிட்டு ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டுக்குக் கிளம்புவாள். பைக்குள் ஜிகினா வைத்துத் தைத்த பாவாடையும், சவுரியும், கில்ட் நகைகளும் இருக்கும். அம்மா நர்ஸ் இல்லை. ஸ்பெஷல் நாடகத்தில் கதாநாயகி வேஷம் கட்டுகிற 'ஸ்திரீபார்ட்'.

ஸ்பெஷல் நாடகம் என்றால் என்னவென்று தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். கோயில் திருவிழா நடக்கிற ஊருக்கு நடிகர்கள் ஆளுக்கொரு திசையிலிருந்து வந்து சேர்வார்கள். ஒருவரையொருவர் முன்பின் பார்த்திருக்கக்கூட வேண்டியதில்லை, ஒத்திகை என்கிற பேச்சே கிடையாது. ஆர்மோனியக்காரர் சுருதி கொடுத்ததும் மேடையேறி, கேள்விக்குக் கேள்வி, பாட்டுக்குப் பாட்டு என்று அங்கேயே இட்டுக்கட்டி விடியவிடிய நடத்திவிடுவார்கள். அம்மா வழியில் மூன்று தலைமுறையாக இதுதான் பிழைப்பு, இதுதான் பெருமையும். உசிலம்பட்டி, ஆண்டிபட்டிப் பக்கத்துக் கிராமங்களில் அம்மாவுக்காக மாட்டு வண்டி கட்டிக்கொண்டு வந்த கூட்டம் உண்டு. ஆனால் மதுரைக்குள் வந்து ஒரு வாடகை வீடு கேட்டால் அம்புட்டுப் பெருமையும் வாசலிலேயே நின்றுவிடும். "நாடகக்காரிக்கா? நாலு பேரு வந்து போவாக, நமக்குச் சரிப்படாது" என்று மூன்று வீட்டில் கதவைச் சாத்தியிருக்கிறார்கள்.

நாலாவதாகப் போன இடம்தான் சிம்மக்கல்லில், ஆற்றுக்குப் போகிற ஒரு சந்துக்குள் இருந்த காம்பவுண்டு. எட்டு வீடு, ஒரு குழாய், வெளியே போக ஓர் ஆள் அகலத்தில் ஒரு முடுக்கு. வீட்டுக்காரம்மா ராஜாமணியம்மாள் எங்களை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "சம்சாரம் என்ன வேலை பாக்குது?" என்று அப்பாவைக் கேட்டார்களாம். அப்பா வெங்காய மண்டியில் எடை போடுகிறவர். ஒரு கிராம் கூடக் குறையச் சொல்லத் தெரியாத மனிதர். அவர் வாயில் எங்கிருந்துதான் வந்ததோ, "நர்ஸுங்க. உசிலம்பட்டிப் பக்கம் ஒரு தனியார் ஆஸ்பத்திரி. நைட் டூட்டி" என்று சொல்லிவிட்டார். வெளியே வந்ததும் அம்மா, "ஏங்க, சொல்றதுதான் சொன்னீக, டீச்சர்னு சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா?" என்று தலையில் அடித்துக்கொண்டதை அப்பா கடைசிவரை சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

பொய்யைச் சொன்னது அப்பா, நடித்தது அம்மா. அடேயப்பா, என்னமாய் நடித்தாள்! என்னைப் பெற்ற போது பெரியாஸ்பத்திரியில் தன்னைத் திட்டிக்கொண்டே பிரசவம் பார்த்த ஒரு நர்ஸை அம்மா அப்படியே மனசுக்குள் படம் பிடித்து வைத்திருந்தாள் போல. "நர்ஸுன்னா மொதல்ல சத்தம் போடணும், அப்பறந்தான் தொடணும்" என்பாள் என்னிடம். யாராவது காய்ச்சல் என்று வந்து நின்றால், "நேத்தே ஏன் வரல? ஐஸ் தின்னியா? பொய் சொல்லாத" என்று ஓர் அதட்டு, பிறகு மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு தன் கைக்கடிகாரத்தை முகம் சுளித்துப் பார்ப்பாள். அந்தக் கடிகாரம் ஓடாது. கஞ்சி குடுங்க, ஈரத்துணி போட்டுத் தொடைங்க என்பாள். கடைசியில் மறக்காமல், "எதுக்கும் டாக்டர்கிட்ட ஒரு எட்டுக் காட்டிருங்க" என்று சேர்த்துவிடுவாள். மாத்திரை ஒன்றுகூடக் கொடுத்ததில்லை. ஊசி போடச் சொன்னால், "டூட்டியில இருக்கப்ப மட்டுந்தான் போடணும், சட்டம்" என்பாள். தானாகவே தீரக்கூடிய காய்ச்சலெல்லாம் தீர்ந்தது. 'நர்ஸக்கா கைராசி' என்று பேராகிவிட்டது.

இதைவிடப் பெரிய நாடகம் பகல் மூன்று மணிக்குக் குழாயடியில் நடக்கும். அம்மா தூங்கி எழுந்து துணி துவைக்க உட்காருவாள், பெண்கள் ஒவ்வொருவராக வாளியைத் தூக்கிக்கொண்டு வந்து சுற்றி உட்கார்ந்துகொள்வார்கள், "ஆஸ்பத்திரியில நேத்து என்ன விசேஷம்?" என்று யாராவது ஆரம்பிப்பார்கள். அம்மா நாடகக் கதைகளை எல்லாம் உடைமாற்றி வார்டுக்குள் கொண்டுவந்து படுக்கப்போட்டாள். மந்திரியின் சூழ்ச்சியால் நாடிழந்த ராஜா, பங்காளி ஏமாற்றிச் சொத்தைப் பிடுங்கிக்கொண்ட ஒரு மிராசுதாராக ஆறாம் நம்பர் பெட்டில் படுத்திருந்தார். சந்தேகப்பட்டுப் புருஷன் துரத்திய ராணி, தலையில் கட்டோடு ஒன்பதாம் நம்பரில் இருந்தாள். அம்மா மிராசுதாராகப் பெருமூச்சு விடுவாள், பங்காளியாகப் பல்லிளிப்பாள், நடுநடுவே நர்ஸாக எல்லோரையும் அதட்டுவாள். சட்டென்று ஓர் இடத்தில் நிறுத்தி, "சரி, டூட்டிக்கு நேரமாச்சு" என்று வாளியைக் கவிழ்த்துவிட்டு எழுந்துகொள்வாள். மறுநாள் காலையில் அம்மா வந்து சேர்ந்ததும் பல் தேய்க்கிற பெண்கள், "நர்ஸக்கா, ஆறாம் நம்பர் பெட்டு என்னாச்சு?" என்று எங்கள் வாசலுக்கே வந்துவிடுவார்கள்.

எனக்கு இந்த ஏற்பாடு மிகவும் பிடித்திருந்தது. அதை ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். "யாரு கேட்டாலும் நர்ஸுன்னு சொல்லணும், என்ன?" என்று அப்பா எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தது உண்மைதான், ஆனால் நான் கேட்காதவர்களிடமும் சொன்னேன். பள்ளிக்கூடத்தில் சொன்னேன், பெட்டிக்கடையில் சொன்னேன். காம்பவுண்டுப் பிள்ளைகள் ஆஸ்பத்திரி விளையாட்டு விளையாடினால் நர்ஸ் வேஷம் எப்போதும் எனக்குத்தான். அம்மா பாடி நான் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை, கேட்க வேண்டும் என்று தோன்றியதும் இல்லை. நாடகம் என்ற சொல்லே எனக்கு வெட்கமாக இருந்தது.

அந்த வருஷம் சித்திரைத் திருவிழா நெருக்கத்தில், எங்களுக்கு அடுத்த வீட்டு மல்லிகா அக்காவின் மகள் செல்விக்குக் காய்ச்சல் கண்டது. மூன்று வயசுப் பிள்ளை. தத்தக்கா பித்தக்கா என்று நடந்து நேராக எங்கள் வீட்டுச் சோற்றுப்பானைக்குத்தான் வரும். அதற்கு மூத்தது ஒன்றை மல்லிகா அக்கா பறிகொடுத்திருந்தாள். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போகிற வழியிலேயே அது போய்ச் சேர்ந்துவிட்டது. அம்மா நாடகத்துக்குக் கிளம்புகிற அவசரத்தில் இருந்தபோது மல்லிகா அக்கா செல்வியைக் கொண்டுவந்து காட்டினாள். அம்மா நெற்றியைத் தொட்டுப் பார்த்து, "சூடு கூடத்தான் இருக்கு மல்லிகா. ஈரத்துணி போடு. எதுக்கும் டாக்டர்கிட்ட காட்டிரு" என்று சொல்லிவிட்டுப் பஸ்ஸுக்கு ஓடினாள். மல்லிகா அக்கா முதல் பாதியை மட்டும் கேட்டுக்கொண்டாள். நர்ஸே பார்த்துவிட்ட பிறகு டாக்டர் எதற்கு? காலையில் நர்ஸக்கா வந்துவிடுவாளே! அம்மா நன்றாக நடித்ததுதான் வினையாகப் போயிற்று.

காலை எட்டு மணிக்கு அம்மா முடுக்குக்குள் நுழைந்தபோது காம்பவுண்டே மல்லிகா அக்கா வீட்டு முன்னால் கூடியிருந்தது. செல்விக்கு இழுப்பு வந்துவிட்டது. கண் மேலே செருகி, கையும் காலும் வெட்டி வெட்டி இழுக்க, யாரோ அதன் பிஞ்சுக் கைக்குள் இரும்புச் சாவியைத் திணித்துப் பிடித்திருந்தார்கள். "விலகுங்க, விலகுங்க, நர்ஸம்மா வந்துட்டாக!" என்று ஒரு குரல். கூட்டம் பிரிந்து அம்மாவை உள்ளே விட்டது. எல்லோர் முகத்திலும் அப்பாடா என்று ஒரு நிம்மதி வந்ததைப் பார்த்தேன். அம்மா முகத்தில் மட்டும் ரத்தமே இல்லை.

"தூக்கிட்டு ஓடுங்க. பெரியாஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடுங்க" என்றாள்.

"ஐயோ, நீங்களே பாருங்கக்கா! ஒரு ஊசியப் போடுங்கக்கா" என்று மல்லிகா அக்கா பிள்ளையை மார்போடு இறுக்கிக்கொண்டாள். "ஊரே திருவிழாக் கூட்டம். ஆட்டோக்கூட வராது. மூத்தது மாதிரி இதுவும் வழியிலயே போயிரும்க்கா. நான் விடமாட்டேன்."

"எனக்கு ஊசி போடத் தெரியாது மல்லிகா. புள்ளையக் குடு."

"பதட்டத்துல பேசுது" என்றார்கள் ராஜாமணியம்மாள். "இந்தாம்மா, நீயே இப்படிப் பயந்தா எப்பிடி? தண்ணியக் குடிச்சிட்டுப் பாரு."

அம்மா எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தாள். "நான் நர்ஸே இல்ல" என்றாள். "நாடகக்காரி. இத்தன நாளாப் பொய் சொன்னேன்."

ஒருத்தர்கூட நம்பவில்லை! இதுதான் கூத்து. பிள்ளை கைக்குள் செத்துவிடுமோ என்ற பயத்தில் பழிக்கு அஞ்சித் தப்பிக்கப் பார்க்கிறாள் என்று நினைத்தார்கள். "நல்ல நேரத்துல கைய விரிக்கிறியே, நீயெல்லாம் ஒரு பொம்பளையா?" என்று ஒருத்தி கத்தினாள். அப்போதுதான் ராஜாமணியம்மாளின் கண் என்மேல் விழுந்தது. "ஏ புள்ள, இங்க வா. உண்மையச் சொல்லு. உங்கம்மா நர்ஸுதான?"

அப்பா மண்டிக்குப் போய்விட்டிருந்தார். காம்பவுண்டுப் பிள்ளைகள் அத்தனை பேரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் அம்மாவைப் பார்க்கவில்லை. "ஆமா, எங்கம்மா நர்ஸுதான்" என்றேன்.

சொல்லிக் கொடுத்த பதிலைத்தானே சொன்னேன், பத்து வயசுப் பிள்ளைக்கு என்ன தெரியும் என்று பின்னால் பலமுறை எனக்கே சமாதானம் சொல்லிப் பார்த்திருக்கிறேன். அது பச்சைப் பொய். எனக்கு எல்லாம் தெரிந்திருந்தது. பிள்ளைக்கு ஏதோ ஆகப்போகிறது என்பதும் தெரிந்திருந்தது. நாடகக்காரி மகள் என்று ஆகிவிடக் கூடாது என்பது அதைவிடப் பெரிதாக இருந்தது, அவ்வளவுதான்.

அம்மா என்னைத் திட்டவில்லை. ஒரே ஒரு விநாடி பார்த்தாள். பிறகு பையைத் தரையில் போட்டாள், முந்தானையை இழுத்து இடுப்பில் செருகினாள், காதருகே ஒரு கையை வைத்துக்கொண்டு, தினைக்காட்டில் கிளி விரட்டுகிற பெண்ணின் பாட்டை எடுத்தாள். மைக் இல்லாத காலத்திலிருந்து வழிவழியாக வந்த தொண்டை. அஞ்சு கட்டைச் சுருதி. எட்டு வீட்டுச் சுவரிலும் மோதித் திரும்பியது அந்தக் குரல். மேலே ஓட்டில் உட்கார்ந்திருந்த புறா எல்லாம் படபடவென்று எழுந்து பறந்தன. இழுத்துக்கொண்டு கிடக்கிற பிள்ளைக்கு முன்னால், வெள்ளைச் சேலையோடு, அரிதாரம் இல்லாமல், ஆர்மோனியம் இல்லாமல், கண்ணில் தாரைதாரையாக நீர் வழிய, ஒரு சொல் பிசகாமல் பாடினாள். அம்மா பாடி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. நாலு வரிதான்.

பாட்டை நிறுத்திவிட்டு, அதே சுருதியில், "எந்த நர்ஸுக்குடி இந்தத் தொண்டை இருக்கும்? இப்ப நம்புறீகளா?" என்று கேட்டாள். மல்லிகா அக்கா வாயைப் பிளந்து நின்றாள், அவள் கை தளர்ந்திருந்தது. அம்மா பிள்ளையைப் பறித்துத் தோளில் போட்டுக்கொண்டு முடுக்கு வழியாக ஓடினாள். மல்லிகா அக்கா பின்னால் ஓடினாள், அவளுக்குப் பின்னால் நான்.

தெருவில் எள் போட்டால் விழாத கூட்டம். "வழி விடுங்கய்யா! புள்ள உசுரு போகுது, வழி விடுங்க!" என்று அம்மா குரல் கொடுத்துக்கொண்டே ஓடினாள். ஆற்றுப் பாலத்தின் இந்த முனையில் கத்தினால் அந்த முனையில் நிற்கிறவன் திரும்பிப் பார்த்து ஒதுங்கினான். முடிகாணிக்கை கொடுத்த மொட்டைத் தலைகளும், பலூன்காரர்களும், தண்ணீர்ப்பந்தல்காரர்களும் இரண்டு பக்கமும் ஒதுங்கி நின்றதை ஓடிக்கொண்டே பார்த்தேன். பெரியாஸ்பத்திரியில் நிஜமான ஒரு நர்ஸ் பிள்ளையை வாங்கிக்கொண்டு, "எப்ப இருந்து காய்ச்சல்? இம்புட்டு நேரம் என்ன செஞ்சீங்க?" என்று அதட்டினாள். அம்மா செய்கிற அதே அதட்டு. பிறகு அந்தச் சேலையைப் பார்த்துவிட்டு, "நீங்க எந்த ஆஸ்பத்திரி?" என்று கேட்டாள். "நான் நாடகத்துல நடிக்கிறேம்மா" என்றாள் அம்மா. பாலத்தையே பிளந்த குரல் அப்போது பக்கத்தில் நின்ற எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

செல்வி பிழைத்துக்கொண்டாள். பத்து நாள் கழித்து வீடு வந்ததும் மல்லிகா அக்கா அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு எங்கள் வாசலில் வந்து நின்றாள். "உங்களாலதான் எம்புள்ள பொழைச்சுச்சா, உங்களாலதான் சாகக் கெடந்துச்சா, எனக்குத் தெரியலக்கா" என்றாள். அம்மா, "ரெண்டும் நாந்தான் மல்லிகா" என்று சொல்லி அழுதாள். இரண்டு பேரும் சேர்ந்து அழுதார்கள். போகும்போது மல்லிகா அக்கா திரும்பி, "அந்த ஆறாம் நம்பர் பெட்டு மிராசுதாரு?" என்று மூக்கை உறிஞ்சிக்கொண்டே கேட்டாள். "அவரு மகன் வந்து சொத்தையெல்லாம் மீட்டுட்டான்டி" என்றாள் அம்மா.

ராஜாமணியம்மாள் மட்டும், நாடகக்காரிக்கு வீடு கிடையாது என்பதிலிருந்து இறங்கி வரவில்லை. ஆனால் ஒரு சலுகை சொன்னார்கள். "நடந்தது நடந்து போச்சு. வெளிய யாருகிட்டயும் சொல்ல வேணாம். நர்ஸுன்னே இருந்துட்டுப் போ." அப்பாவுக்குச் சம்மதம்தான், எனக்கும் உள்ளூர ஆசைதான். அம்மா ஒரே பேச்சாக மறுத்துவிட்டாள். "கலைச்ச வேஷத்த அதே சனத்துக்கு முன்னால மறுபடி போடக் கூடாதும்மா. எங்க தொழில்ல அது அசிங்கம்" என்றாள். வைகாசி பிறந்ததும் சாமான்களைக் கட்டினோம். அடுத்து வீடு கேட்கப் போன இடத்திலெல்லாம் அப்பாவை வாயே திறக்க விடாமல் அம்மாதான் முன்னால் போய் நின்றாள். "நான் நாடகத்துல நடிக்கிறேன். சாயங்காலம் போவேன், காலையில வருவேன். குடுக்குறதா இருந்தாக் குடுங்க." ஐந்து பேர் மாட்டேன் என்றார்கள். ஆரப்பாளையத்தில் ஆறாவது ஆள் சாவியைக் கொடுத்தார். என் பள்ளிக்கூடத்துக்கும் அம்மாவே வந்து சொன்னாள். அன்று நான் அழுத அழுகை கொஞ்சமில்லை. என் அம்மாவுக்கு இருந்த துணிச்சலில் கால்வாசி எனக்கு வர இருபது வருஷம் ஆயிற்று.

இப்போது அந்தக் காம்பவுண்டு இல்லை. எட்டு வீட்டையும் இடித்துவிட்டு மூன்று மாடிக்குப் பிளாஸ்டிக் சாமான் மொத்தக்கடை கட்டிவிட்டார்கள். குழாய் இருந்த இடத்தில் லிஃப்ட் ஏறி இறங்குகிறது. முடுக்கும் போயிற்று, குழாயடியும் போயிற்று, பகல் மூன்று மணிக்கு எட்டு வீட்டுப் பெண்கள் வேலையைப் போட்டுவிட்டுக் கதை கேட்ட அந்த நேரமும் போயிற்று. அப்பா போய்ப் பல வருஷம் ஆகிறது. அம்மா எங்களோடு கே.கே. நகரில் இருக்கிறாள், எதிர்வீட்டு டாக்டரம்மாவுக்கு அவள்தான் பொழுதுபோக்கு. நான் வேலைக்குப் போன நேரம் போகப் பள்ளிக்கூடங்களிலும் சின்னச் சின்ன அரங்குகளிலும் கதை சொல்கிறேன், தனியாளாக நடித்துக் காட்டுகிறேன். நான் சொல்கிற கதைகளில் பாதி அந்தக் குழாயடியில் பிறந்தவை.

செல்விக்கு இழுப்பு வந்த காலையையும் சில வருஷமாக மேடையில் சொல்லி வருகிறேன். நன்றாகவே எடுபடும். ஆனால் ஒரே ஓர் இடத்தை மட்டும் எப்போதும் மாற்றிவிடுவேன். வீட்டுக்காரம்மா கேட்கிறபோது, மேடையில் அந்தச் சிறுமி நெஞ்சை நிமிர்த்தி, "எங்கம்மா நாடகக்காரிதான்" என்று சொல்லிவிடுவாள். கைதட்டல் பிய்த்துக்கொண்டு போகும். போன மாசம் முதல்தடவையாக அம்மா முன் வரிசையில் வந்து உட்கார்ந்து பார்த்தாள். இருந்தும் மாற்றித்தான் சொன்னேன்.

திரும்பும்போது ஆட்டோவில் நானும் அம்மாவும் மட்டும். இத்தனை வருஷமாக அந்த ஒரு விநாடிப் பார்வையைப் பற்றி நானும் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை. இன்றைக்குக் கேட்டுவிடலாம் என்று, "அம்மா, அன்னைக்கு நான் அப்பிடிச் சொன்னது..." என்று ஆரம்பித்தேன்.

"அதத்தான் கேக்க வந்தேன். ஏன்டி மாத்துன?" என்றாள். "புத்தி இருக்கா உனக்கு? நான் நாடகக்காரின்னு நீயே ஒத்துக்கிட்டா, அப்பறம் நான் எதுக்குடி பாடணும்? உன்ன நம்பிப் புள்ளையக் குடுத்திருப்பாகல்ல? கதையே நிக்கலையேடி. நீ பொய் சொன்ன, நான் பாடுனேன். எம்புருஷன் முன்னால, எம்புள்ள முன்னால, பகல் வெளிச்சத்துல, நான் நானா நின்னு பாடுனது அதான் மொதத் தடவ. அதப் போயிக் கெடுத்து வச்சிருக்கியே!"

"அப்பா அன்னைக்கு மண்டிக்குப் போயிட்டாரும்மா" என்றேன்.

"சரி, அவரு இல்ல. நீ இருந்தேல்ல" என்றாள் அம்மா.

அதனால்தான் இந்தக் கட்டுரையில் அன்று நான் சொன்னதை, சொன்னபடியே எழுதியிருக்கிறேன்.